மூன்றே வருஷம் இருந்த ஜெபம்

2003 அக்டோபர் 14, செவ்வாய்

நேற்று விடுமுறை. அதனால் இன்றைக்கு ஆபீசில் எல்லோரும் திங்கட்கிழமை முகத்தோடு உட்கார்ந்திருந்தார்கள். நானும்தான். மத்தியானம் ஃபாதர் பாட்ரிக் போன் செய்தார். இரண்டாம் ஞாயிறுகளில் நடக்கிற தமிழ் ஆராதனையில் மன்றாட்டு ஜெபத்தை இனி நான் வாசிக்க வேண்டுமாம். இதுவரை வாசித்தவர் குடும்பத்தோடு டொரொண்டோ போய்விட்டார். "நீர் வடிவாத் தமிழ் வாசிக்கிறீர், தேவிகா" என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்று கொஞ்சம் பிகு பண்ணிவிட்டுச் சரி என்றேன். உள்ளுக்குள் ஒரே சந்தோஷம்.

முதல் தடவை அந்தக் கோவிலுக்குப் போனபோது வாசலில் நின்றவர்களிடம் "ஐயர் எப்ப வருவார்?" என்று கேட்டேன். திருநெல்வேலிப் பக்கம் எங்கள் நாசரேத்தில் போதகர் என்றால் ஐயர்தான். இங்கே வருகிற யாழ்ப்பாணத்துக்காரர்களுக்கு ஐயர் என்றால் பூணூல் போட்டவர். அவர்களில் ஒருவரான அல்போன்சம்மா என்னை ஏற இறங்கப் பார்த்து, "பிள்ளை, இது வேதக்காரரின்ர கோயில். உமக்கு முருகன் கோயில் வேணுமெண்டால் பஸ் எடுக்க வேணும்" என்று வழி வேறு சொன்னார். மானம் போயிற்று.

ஆனால் ஆராதனை தொடங்கியதும் ஆச்சரியம். பாவ அறிக்கை எங்கே, மன்னிப்பு எங்கே, எப்போது எழும்ப வேண்டும், எப்போது முட்டங்கால் போட வேண்டும் — எல்லாம் ஊரில் நடக்கிற மாதிரியே. வார்த்தைகள் மட்டும் அங்கங்கே வேறு. என்னுடைய நாசரேத், இவர்கள் யாழ்ப்பாணத்தில் விட்டுவந்த சுண்டிக்குளி, இந்த மொன்றியல். மூன்றுக்கும் ஒரே வரிசை எப்படி வந்தது?

அக்டோபர் 18, சனி

கேள்வியைக் கேட்டது ஸ்நேகா. என்னோடு வீட்டைப் பகிர்ந்துகொள்கிறவள், சென்னைக்காரி, யூனிவர்சிட்டியில் எம்.எஸ். படிக்கிறாள். ஆராதனை முடிந்ததும் தின்ன ரோல்ஸ் கிடைக்கும் என்பதற்காக ஒரு தடவை என்னோடு கோவிலுக்கு வந்தாள். இன்று பாத்திரம் கழுவிக்கொண்டே, "நீங்க எல்லாரும் மாத்தி மாத்திச் சொல்றீங்களே, அது பைபிள்ல இருக்கா?" என்றாள்.

"அப்படியே இல்ல. ஆனா அதுலருந்து எடுத்தது நிறைய."

"அப்ப யாருடி எழுதினா?"

"வெள்ளைக்காரன்."

"வெள்ளைக்காரனுக்கு யாரு குடுத்தா?"

எனக்குத் தெரியவில்லை. பேசத் தெரிந்த நாளிலிருந்து சொல்லிவருகிறேன். யார் எழுதினது என்று ஒரு நாள் கூடத் தோன்றவில்லையே! சாயங்காலம் அம்மாவுக்கு போன் போட்டுக் கேட்டேன். "ஏட்டி, அத யாரு எழுதுனா உனக்கென்ன? முட்டங்கால் போட்டமா, சொன்னமான்னு வருவியா" என்றாள். அப்புறம் வழக்கம் போல மாப்பிள்ளைப் பேச்சு. போன் கார்டில் காசு தீர்ந்து லைன் கட்டானது நல்லதாகப் போயிற்று.

நவம்பர் 1, சனி

ஸ்நேகாவின் கார்டில் நூலகத்திலிருந்து மூன்று தடிப் புத்தகங்கள். "ஃபைன் வந்தா உன் தலையில" என்று சொல்லித்தான் கொடுத்தாள்.

ஐந்நூறு வருஷத்துக்கு முன்னால் இங்கிலாந்திலும் ஒரே வரிசை இல்லையாம். ஸாலிஸ்பரியில் ஒரு முறை, ஹியர்ஃபோர்டில் ஒரு முறை, யார்க்கில் இன்னொன்று. எல்லாம் லத்தீன். அதிலும் ஸாலிஸ்பரி முறைக்குத்தான் மவுசு. குருவானவர் கையில் வகைக்கு ஒரு புத்தகம், இந்த நாளுக்கு இது, அந்த நாளுக்கு அது என்று நூறு விதி. அன்றைக்கு வாசிக்க வேண்டியதைத் தேடிப் பிடிப்பதே பெரும் பாடாக இருந்ததாம். எனக்கு எங்கள் ஆபீஸ் மேனுவல்கள் ஞாபகம் வந்தன.

ஒன்று மட்டும் ரொம்பப் பிடித்தது. எல்லாம் லத்தீனில் நடந்த அந்தக் காலத்திலேயே கல்யாண வாக்குறுதியை மட்டும் பெண்ணும் மாப்பிள்ளையும் ஆங்கிலத்தில் சொல்லியிருக்கிறார்கள். எதற்குத் தலையாட்டுகிறோம் என்று அவர்களுக்குப் புரிய வேண்டும் அல்லவா. மற்றதெல்லாம் புரியாவிட்டால் பரவாயில்லை போல.

நவம்பர் 9, ஞாயிறு

இன்றுதான் முதல் வாசிப்பு. பாழாய்ப் போயிற்று.

மன்றாட்டுத் தாளில் பெயர்களுக்கு இரண்டு பகுதி. முதலாவது, வியாதிப்பட்டவர்கள், துன்பத்தில் இருப்பவர்கள். இரண்டாவது, நித்திரையடைந்தவர்கள். நவம்பர் மாதம் இறந்தவர்களை விசேஷமாக நினைக்கிற மாதம் என்பதால் இரண்டாம் பகுதிக்கு நிறையப் பேர் பெயர் தந்தார்கள். முன் பெஞ்சில் உட்காருகிற அருமைராசா அங்கிள் வியாழக்கிழமை போனில் சொன்னார்: "என்ர ஐயா, அம்மா, பேந்து தனோஜன்." எழுதிக்கொண்டேன். பழைய தாளைப் பார்த்தால் அதே தனோஜன் முதல் பகுதியிலும் இருந்தது. ஒரே பெயர் இரண்டு இடத்தில் வந்தால் ஒன்று தப்பு. என் வேலையே அதுதானே, மென்பொருளில் தப்புக் கண்டுபிடிப்பது. வியாதியாய் இருந்தவர் இறந்துவிட்டார் போலும், பழைய தாளை யாரும் திருத்தவில்லை என்று நானாகவே முடிவு கட்டினேன். முதல் பகுதியிலிருந்து எடுத்துவிட்டேன். யாரையும் கேட்கவில்லை.

வாசித்தேன். தனோஜன் என்றதும் பின்னால் ஒரு பெஞ்சு கிறீச்சிட்டது. யோகராணி ஆன்ட்டி, அருமைராசா அங்கிளின் மனைவி, எழுந்து நின்றார். அழவில்லை. என்னையே பார்த்தார். கோட்டை எடுத்துக் கையில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். அங்கிள் திரும்பிப் பார்க்கவே இல்லை. நான் மீதிப் பெயர்களை வாசித்தேன். வேறென்ன செய்வேன்?

பிறகு சமையலறையில் அல்போன்சம்மாதான் சொன்னார். தனோஜன் அவர்கள் மகன். தொண்ணூற்றாறில் யாழ்ப்பாணத்தில் காலையில் சைக்கிளில் வேலைக்குப் போனவன், அதோடு ஆளைக் காணவில்லை. உடல் கிடைக்கவில்லை. செய்தியும் இல்லை. "ஒவ்வொரு மாசமும் தாய்க்காரி முதல் பகுதியில அவன்ர பேரைக் குடுக்கிறவ. உமக்கு ஒருத்தரும் சொல்லேல்லையோ?"

சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

நவம்பர் 10

ஆபீஸ் புத்தியை ஆபீசோடு விட்டுத்தொலைக்கக் கூடாதா, சனியனே.

நவம்பர் 16, ஞாயிறு

வில்லரே பக்கம் அருமைராசா அங்கிள் வீட்டுக்குப் போனேன். மன்னிப்புக் கேட்கத்தான். கதவைத் திறந்தது யோகராணி ஆன்ட்டி. என்ன சொல்வது என்று ரயிலில் ஒத்திகை பார்த்ததெல்லாம் மறந்துபோய், "ஆன்ட்டி, எனக்குத் தெரியாது ஆன்ட்டி" என்று ஆரம்பித்து அழுதேவிட்டேன். அவர்தான் என்னை உட்காரவைத்துத் தேத்தண்ணி போட்டுக் கொடுத்தார். அழ வேண்டியவர் ஒருத்தர், அழுதது இன்னொருத்தி.

"நீர் பிழை விடேல்லை பிள்ளை. தந்ததை வாசிச்சனீர். ஆனால் செத்த ஆக்களோட அவன்ர பேரை வாசிச்சால் நானே அவனைக் குழியில தாட்ட மாதிரி. நான் பெத்தனான். நானே புதைக்கிறதோ?" என்றார். குரல் உயரவே இல்லை.

அங்கிள் உள் அறையில் செய்தி பார்த்துக்கொண்டிருந்தார். ஆராதனை நடந்த நாளிலிருந்து இரண்டு பேரும் பேசுவதில்லை. ஆற்றுக்கு அந்தப் பக்கம் லொங்கேயில் இருக்கிற மகள் சிவாஜினி போன் செய்தால் ஆளுக்கு ஒரு நேரம் பேசுகிறார்களாம்.

நான் கிளம்பியபோது அங்கிள் மெற்றோ ரயில் நிலையம் வரை கூட நடந்து வந்தார். வழியில் மெதுவாகச் சொன்னார். இலங்கையில் சமாதான ஒப்பந்தம் வந்த கையோடு போன வருஷம் ஊருக்குப் போயிருக்கிறார். கேட்காத இடமில்லை, பார்க்காத ஆளில்லை. "இத்தனை வருசமா அவனைக் காப்பாத்தும், காப்பாத்தும் எண்டு கேக்கிறம். அவன் இல்லை பிள்ளை. எனக்குத் தெரியும். அப்ப செத்தவனுக்குக் கேக்கிற ஜெபத்தை அவனுக்கு ஆர் கேக்கிறது? அதுக்கும் அவன் காத்துக்கொண்டு நிக்க வேணுமோ?"

இவர் சொல்வதும் நியாயம். அவர் சொல்வதும் நியாயம். தாளில் இரண்டு பகுதிதான் இருக்கிறது.

டிசம்பர் 14, ஞாயிறு

புத்திசாலித்தனமாகச் செய்வதாக நினைத்து, இரண்டு பகுதியிலும் அவன் பெயரை வாசிக்கவில்லை. அங்கிள் முகம் சுண்டிப்போய்த் தேத்தண்ணிக்கும் நிற்காமல் போனார். ஆன்ட்டி கோவிலுக்கு வரவில்லை. ஆனால் செய்தி போயிருக்கிறது. சாயங்காலம் போனில், "ஒண்டிலயும் வாசிக்கேல்லையாம். அவன் பிறக்கவே இல்லையோ பிள்ளை?" என்றார்.

தாளை எடுத்து இரண்டு பகுதியையும் திரும்ப வாசித்துப் பார்த்தேன்.

டிசம்பர் 27, சனி

வெளியே காலெடுத்து வைக்க முடியாத பனி. நல்லதுக்குத்தான். நாள் பூராவும் புத்தகம்.

முதலில் ஆங்கிலத்துக்கு வந்தது முழு ஆராதனை இல்லை. ஒரு மன்றாட்டுத்தான்! குருவானவர் ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, ஜனங்கள் பதில் சொல்லிக்கொண்டே ஊர்வலம் போகிற ஜெபம். 1544. எட்டாம் ஹென்றி ராஜா பிரான்சோடு சண்டைக்குப் புறப்பட்ட வருஷம். ஜெயம் வேண்டி ஜெபிக்கச் சொன்னால், ஒன்றும் விளங்காததால் ஜனம் ஏனோதானோவென்று வருகிறது. சரி, அவர்கள் பாஷையிலேயே சொல்லட்டும் என்று விட்டிருக்கிறார்கள். அதைச் செய்து கொடுத்தவர் கிரான்மர் என்ற பேராயர். பழைய ஸாலிஸ்பரி மன்றாட்டு, ஜெர்மனியில் லூத்தர் செய்தது, கிரேக்கர்களுடைய ஜெபம், எல்லாவற்றிலிருந்தும் எடுத்துத் தைத்திருக்கிறார். ஆக, நான் நவம்பரில் நின்று வாசித்தேனே, அந்த வேலைதான் இவ்வளவுக்கும் ஆரம்பம். வாயைப் பிளந்துகொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அவர்தான் 1549இல் முழு ஜெபப்புத்தகத்தையும் ஆங்கிலத்தில் கொண்டுவந்தது. பெந்தெகொஸ்தே ஞாயிறு முதல் ஊரெல்லாம் அதுதான் என்று கட்டளை. மறுநாளே டெவன் பக்கம் ஒரு கிராமத்தில், பழைய உடையைப் போடு, லத்தீனில் பூசை வை என்று ஜனங்கள் குருவானவரை மடக்கியிருக்கிறார்கள். புதுசு கிறிஸ்துமஸ் கூத்து மாதிரி இருக்கிறதாம். பக்கத்துக் கார்ன்வால்காரர்கள், எங்களில் சிலருக்கு ஆங்கிலமே தெரியாது என்றார்கள். பெரிய கலகம். ஆயிரக்கணக்கில் செத்தார்கள். ஜெபத்தின் பாஷைக்காக.

ஸ்நேகாவிடம் சொன்னேன். "இந்த ஊர்ல கடை போர்டுல பிரெஞ்சு பெருசா, இங்கிலீஷ் பெருசாங்கறதுக்கே சண்டை. அவங்க போட்டுக்கிட்டதுல என்ன அதிசயம்?" என்றாள்.

2004 ஜனவரி 11, ஞாயிறு

ஆராதனைக்கு முன் ஃபாதரைப் பிடித்தேன். இரண்டு பகுதியிலும் வாசித்தால் என்ன என்று கேட்டேன்.

"ஒரு ஆளை ஒரே மூச்சில உயிரோடயும் வாசிச்சு, செத்ததாயும் வாசிக்கிறதோ? சனம் என்ன நினைக்கும்? அதுகள் ரெண்டுக்கும் இன்னும் நோகும்" என்றார். அவர் சொன்னதும் சரிதான். நல்ல மனுஷன், ஆனால் எதற்கும் "பேந்து பாப்பம்" என்று தள்ளிப்போடுவார். இன்றைக்கும் அதையே சொன்னார். நான் மன்றாட்டை வேறொருத்தரிடம் கொடுத்துவிட்டுப் பின்னால் உட்கார்ந்துகொண்டேன். கோபம்தான். யார் மேல் என்று தெரியவில்லை.

ஜனவரி 24, சனி

மூக்கு உறைகிற குளிர். ஹீட்டர் பக்கத்தில் அடக்க ஆராதனை பற்றி வாசித்தேன்.

1549இல் குருவானவர் மண்ணைப் போடும்போது செத்தவரிடமே பேசுகிறார். உன் ஆத்துமாவை ஒப்புக்கொடுக்கிறேன் என்று, முகத்தைப் பார்த்துச் சொல்கிற மாதிரி. 1552இல் புத்தகத்தைத் திருத்தினார்கள். அதில் குருவானவர் சுற்றி நிற்கிறவர்களிடம் பேசுகிறார். இந்தச் சகோதரன் போய்விட்டார் என்று, படர்க்கையில். செத்தவர்களுக்காகக் கேட்கிற ஜெபங்களையும் சீர்திருத்தக்காரர்கள் எடுத்துவிட்டார்கள். ஜெபத்தை வைத்துக் கோவில்கள் காசு பண்ணின கதை ஒரு பக்கம் இருக்கிறது, அவர்கள் கோபத்துக்கும் காரணம் உண்டு. இருந்தாலும் நேற்று வரை 'நீ' என்று கூப்பிட்டவரை இன்றைக்கு 'அவர்' என்பதற்கு எப்படி மனசு வந்தது?

யோகராணி ஆன்ட்டி தினமும் காலையில் தனோஜனோடு நேரில் நிற்கிற மாதிரிப் பேசுவாராம். சிவாஜினி சொன்னாள்.

பிப்ரவரி 1, ஞாயிறு

கிடைத்துவிட்டது! அவசரத்தில் எழுத்து கோணல்மாணலாக வருகிறது.

பழைய லத்தீன் பூசையில் உயிரோடு இருப்பவர்களை நினைக்கிற இடம் வேறு, இறந்தவர்களை நினைக்கிற இடம் வேறு. அப்பத்தையும் ரசத்தையும் ஆசீர்வதிக்கிறதற்கு முன்னால் இவர்கள், பின்னால் அவர்கள். இன்றைக்கு எங்கள் தாளில் இருப்பதும் ஏறக்குறைய அதே இரண்டு பகுதிதான். ஆனால் 1549இல் கிரான்மர் அதைச் சேர்த்துவிட்டார். முழுச் சபைக்குமாக ஒரே நீளமான ஜெபம். ராஜா, குருமார், ஜனங்கள், கஷ்டப்படுகிறவர்கள், கடைசியில் இறந்தவர்கள். நடுவில் ஆமென் கிடையாது. ஒரே சபை, ஒரே மூச்சு. 1552இல் திருத்தியபோது இறந்தவர்களை வெட்டிவிட்டு, இந்தப் பூமியில் போராடுகிற சபைக்காக மட்டும் என்று ஜெபத்துக்குத் தலைப்பையே மாற்றிவிட்டார்கள். அப்புறம் வந்த மேரி ராணி கிரான்மரை எரித்தாள். 1662இல் திருத்தியபோது இறந்தவர்களுக்காக நன்றி சொல்ல ஒரு வரி திரும்ப வந்தது. ஆக அந்தச் சேர்ந்த ஜெபம் இருந்தது மூன்றே வருஷம். எங்கள் ஆபீசில் சில வெர்ஷன்கள் அதைவிட அதிக நாள் ஓடும்.

அதில் ஆட்களின் பெயரை வாசித்தார்களா என்றால் இல்லை. ஆனால் நாங்கள் வாசிக்கலாமே. எல்லாப் பெயரையும் சேர்த்து, தலைப்பு இல்லாமல், நடுவில் நிறுத்தாமல். யார் இங்கே, யார் அங்கே என்று நாங்கள் ஏன் சொல்ல வேண்டும்? ஜெபத்தைக் கேட்கிற ஆண்டவருக்குத் தெரியாதா?

பிப்ரவரி 8, ஞாயிறு

ஃபாதர் முழுசாகக் கேட்டார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவர் அதைத் துடைத்தால் யோசிக்கிறார் என்று அர்த்தம்.

"செய்யேலாது எண்டில்லை. மன்றாட்டை எங்கட சொல்லில அமைக்கலாம், அதுக்கு இடம் இருக்கு. ஆனால் புதுசா ஒண்டு செய்தால் சனம் கேள்வி கேக்கும்."

"புதுசு இல்ல ஃபாதர். இருக்கறதுலயே பழசு."

"அதைச் சனத்துக்கு நீர் சொல்லும்" என்றார். ஈஸ்டரன்று, பாஸ்கு ஞாயிறு ஆராதனை முடிந்ததும் எல்லோரையும் வைத்துக் கேட்போம் என்று முடிவு. பேந்து பாப்பம் என்பதைவிட இது மேல்.

மார்ச் 6

அம்மா அனுப்பிய மாப்பிள்ளை போட்டோ. மீசை நன்றாக இருக்கிறது. மீசையை மட்டும் கட்டிக்கொள்ள முடியாதே.

ஏப்ரல் 11, பாஸ்கு ஞாயிறு

கூட்டம் நடந்தது. ரோல்ஸையும் தேத்தண்ணியையும் முதலில் கொடுத்துவிட்டுத்தான் பேச ஆரம்பித்தேன், அந்த அளவுக்குத் தெளிந்திருக்கிறேன். 1549, கிரான்மர், டெவன் கலகம் என்று நான் விளக்கிக்கொண்டே போக, எல்லோரும் மரியாதையாக மென்றுகொண்டிருந்தார்கள். ஃபாதர் தொண்டையைச் செருமினார். வரலாற்றை விட்டுவிட்டு, இனி எல்லாப் பெயர்களையும் ஒன்றாக வாசிக்கலாமா என்று கேட்டேன்.

அல்போன்சம்மா கோப்பையை வைத்தார். "பொறும் பிள்ளை. என்ர மனுசனுக்குப் பித்தப்பையில ஒப்பரேசன் செய்தது. அவரின்ர பேரும் தாளில கிடக்கு. அப்ப அவரையும் செத்த ஆக்களோட சேர்த்து வாசிக்கப் போறீரோ? அவர் நேற்றும் ரெண்டாந்தரம் சோறு போட்டுச் சாப்பிட்டவர்."

கூடம் முழுக்கச் சிரிப்பு. அவர் வீட்டுக்காரர் ஒரு மூலையில் ரோல்ஸும் கையுமாகச் சிரித்தார். அல்போன்சம்மா சிரிக்கவில்லை. பயந்திருந்தார் என்பது எனக்கு அப்போதுதான் பட்டது. கேட்டிருக்கவே கூடாதோ என்று நினைத்தேன்.

அருமைராசா அங்கிள் எழுந்தார். இத்தனை மாசத்தில் கோவிலில் அவர் வாய் திறந்து நான் பார்த்ததில்லை. "தங்கச்சி, உம்மட மனுசன் எங்க இருக்கிறார் எண்டு உமக்குத் தெரியும்" என்றார். அவ்வளவுதான். உட்கார்ந்துவிட்டார்.

அல்போன்சம்மா சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, "சரி. அப்ப அவரின்ர பேரை முதல் போடும்" என்றார்.

மே 7, வெள்ளி

ஆன்ட்டிக்கு போன் செய்து சொன்னேன். எல்லாப் பெயரும் ஒன்றாக வரும், செத்தவர்கள் என்ற சொல் எங்கேயும் வராது, செத்தவர்களுக்குச் சொல்கிற நித்திய இளைப்பாறுதலும் வராது, காப்பாற்றும் என்றும் வராது, எல்லோரையும் உம்முடைய கையில் வைக்கிறோம் என்று மட்டும் வரும். அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். வருகிறேன் என்றும் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. "சாப்பிட்டனீரோ?" என்று மட்டும் கேட்டார்.

மே 9, ஞாயிறு

அன்னையர் தினம் என்பது எனக்கு ஞாபகமே இல்லை. மெற்றோவில் கைக்கு ஒரு பூங்கொத்தாக ஆட்கள் நின்றபோதுதான் உறைத்தது. இன்றைக்குப் போயா இதை வைத்தோம்!

ஆன்ட்டி வந்திருந்தார். கடைசி பெஞ்சில், கதவுக்குப் பக்கத்தில், கோட்டைக் கழற்றாமல். அங்கிள் வழக்கம் போல முன்னால். அல்போன்சம்மாவின் வீட்டுக்காரர் பெயரை முதலில் வாசித்தேன், கொடுத்த வாக்கு. அப்புறம் ஒவ்வொன்றாக. நடுவில் தனோஜன். என் குரல் ஆடியதா என்று தெரியவில்லை. ஸ்நேகா பின்னால் இருந்தாள், ஆடவில்லை என்கிறாள். பெயர்கள் முடிந்ததும், சொல்ல விரும்புகிறவர்கள் தங்கள் மனதில் உள்ள பெயரைச் சத்தமாகச் சொல்லலாம் என்று ஒரு இடைவெளி விட்டோம். அது ஃபாதரின் யோசனை. யாரும் சொல்லவில்லை. புதுசு, கூச்சம். பிறகு எல்லோரும் ஆமென் என்றார்கள், முன்னாலிருந்தும் கடைசி பெஞ்சிலிருந்தும்.

ஆன்ட்டி முடிகிற வரை இருந்தார். எனக்கு அது போதும்.

ஜூன் 13, ஞாயிறு

எல்லோரும் போய்விட்டார்கள். வீட்டுக்கு வந்து சாப்பிடாமல் எழுதுகிறேன்.

இன்று இடைவெளி விட்டபோது முதலில் அல்போன்சம்மா தன் அக்காள் பெயரைச் சொன்னார். இன்னொருவர் ஊரில் படுக்கையில் கிடக்கிற தகப்பன் பெயரைச் சொன்னார். அப்புறம் கடைசி பெஞ்சிலிருந்து யோகராணி ஆன்ட்டி. இன்றைக்குக் கோட்டு இல்லை, வெயில்.

"என்ர அம்மா. என்ர தம்பி சிவராசா, ஷெல்லடியில போனவன். என்ர மகன் தனோஜன்" என்றார். அதே குரலில், ஒன்றன்பின் ஒன்றாக. ஒரு கணம் பொறுத்து, "நித்திய இளைப்பாறுதல்" என்றார்.

தாளில் இல்லாத சொல். நான் அவருக்கு வராது என்று வாக்குக் கொடுத்த சொல். ஃபாதர் மட்டும்தான் ஆமென் சொன்னார்.

ஆராதனை முடிந்து நான் வெளியே வந்தபோது அருமைராசா அங்கிள் படியில் தனியாக உட்கார்ந்திருந்தார். ஆன்ட்டி உள்ளே கோப்பை கழுவிக்கொண்டிருந்தார். பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் கேட்டது நடந்துவிட்டது, ஆறுதலாக இருக்கும் என்று நினைத்தேன். முகத்தைப் பார்த்தால் அப்படி இல்லை. கை இரண்டும் மடியில் சும்மா கிடந்தன.

"அவள் நம்பிக்கொண்டிருந்தபடியாத்தான் பிள்ளை, அவன் இல்லை எண்டு என்னால சொல்ல முடிஞ்சது" என்றார். "ஒராள் எண்டாலும் வீட்டில அவன்ர வழியைப் பாத்துக்கொண்டிருக்கு எண்டு. இப்ப அவளும் விட்டிட்டாள். இனி நான்தானே வழி பாக்க வேணும்."

எதிர் வீட்டுக்காரர் புல் வெட்டிக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

பிறகு அவர் கேட்டார், "அடுத்த மாசமும் எல்லாரையும் சேர்த்துத்தானே வாசிப்பீர்?"

"ஆமா அங்கிள், சேர்த்துத்தான்" என்றேன்.